ஒட்டுத்தாடி நண்பன்

பழைய சிரிப்புப் படங்களில் பெண்டாட்டியை ஏமாற்றுகிற கணவன் ஒருவன் இருப்பான். ஏமாறுகிற மனைவி ஒருத்தி இருப்பாள். படம் முடிந்து வெளியே வருகிறவர்கள் இந்த இரண்டு பேரைப் பற்றித்தான் பேசிக்கொண்டு வருவார்கள். நடுவில் இன்னொருவன் இருப்பான், கணவனின் நண்பன். கணவன் சொல்லும் பொய்க்கெல்லாம் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டுவதுதான் படம் முழுக்க அவனுக்கு வேலை. அவனைப் பற்றி யாரும் எதுவும் சொல்ல மாட்டார்கள். அந்த வேலையை நிஜத்தில் இரண்டு வருடத்துக்கு மேல் பார்த்தவன் நான். அதனால் அவனைப் பற்றிச் சொல்ல எனக்குக் கொஞ்சம் இருக்கிறது.

எனக்கும் என் சின்ன வயதுச் சிநேகிதன், சேக்காளி ஒருவனுக்கும் பிடித்த படம் ஒன்று உண்டு. கறுப்பு வெள்ளை. பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னால், யார் நடித்தது, பாட்டு யார் போட்டது என்று பேச்சு அந்தப் பக்கம் போய்விடும். கதை இதுதான். கணவனுக்குப் பக்கத்து ஊரில் ஒரு நாட்டியக்காரியோடு தொடர்பு. வாராவாரம் போய்வர ஒரு காரணம் வேண்டும். அந்த ஊரில் தனக்கு ஒரு பெரியப்பா சாகக் கிடக்கிறார் என்று மனைவியிடம் சொல்கிறான். அவளோ, நானும் வந்து பார்க்கிறேன் என்று கிளம்பிவிடுகிறாள். வேறு வழியில்லாமல் நண்பனுக்கு வெள்ளைத் தாடியை ஒட்டிக் கட்டிலில் படுக்கவைத்து இருமச் சொல்கிறான். அந்தப் பெண் நம்பிவிடுகிறாள். ஒவ்வொரு வாரமும் கஞ்சி காய்ச்சிக் கொண்டுவந்து ஊட்டுகிறாள், கால் பிடித்துவிடுகிறாள், அந்த இல்லாத பெரியப்பாவுக்காக வெள்ளிக்கிழமை விரதம் இருக்கிறாள். கடைசியில் தாடி கழன்று கஞ்சிக் கிண்ணத்துக்குள் விழுகிறது. அவள் அழுகிறாள். நாம் கீழே குனிந்து செருப்பை மாட்டிக்கொள்ளும் நேரம்தான் அந்த அழுகை. அதற்குள் கணவன் காதைப் பிடித்துத் தோப்புக்கரணம் போட, அவள் எண்ண, பத்து வந்ததும் சிரித்துவிடுகிறாள். பாட்டு. சுபம்.

இந்தப் படத்தை உத்தமபாளையத்தில் ஒரு தியேட்டரில் காலைக் காட்சியாகப் பார்த்தபோது எங்கள் இருவருக்கும் மீசை சரியாக முளைத்திருக்கவில்லை. அவன் கோம்பைக்காரன், திராட்சைத் தோட்டத்து வீட்டுப் பிள்ளை. நான் உத்தமபாளையம். சைக்கிளில் திரும்பும்போது நான் அந்த நண்பனைப் போலவே இருமிக்காட்ட, அவன் சிரித்துச் சிரித்து வாய்க்காலுக்குள் சைக்கிளை விட்டுவிட்டான். தண்ணீருக்குள் நின்றுகொண்டே சொன்னான்: "ஏலே மாப்ள, நாளைக்கு எனக்கொரு பெரியப்பா தேவைப்பட்டா நீதான்டா படுக்கணும்." படுக்கிறேன் என்றேன். வேடிக்கைக்குச் சொன்னதுதான். ஆனால் அந்த வயதில் சிநேகிதம் என்றால் நாங்கள் புரிந்துவைத்திருந்தது இவ்வளவுதான். நீ பொய் சொல்லு, நான் சாட்சி சொல்கிறேன்.

அவன் கல்யாணத்தில் ஒரு தப்பு நடந்தது. அன்றைக்கு யாருக்கும் அது தப்பாகத் தெரியவில்லை. எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளைக்குக் கால் கழுவி, கையைப் பிடித்து மணமேடைக்கு அழைத்து வருவது பெண்ணின் உடன்பிறந்தவன். அந்தப் பெண்ணுக்குக் கூடப்பிறந்த ஆண் யாரும் இல்லை. வரப்புத் தகராறில் பங்காளி வீடுகளோடு அந்தச் சமயம் பேச்சு இல்லை. முகூர்த்தத்துக்கு நேரமாகிவிட்டது. பெண்ணின் அப்பா மண்டபத்தில் அங்கும் இங்கும் பார்த்துவிட்டு, மாப்பிள்ளைத் தோழனாகச் செம்போடு நின்றுகொண்டிருந்த என்னைப் பிடித்தார். "தம்பி, நீங்க நில்லுங்க. எம்பொண்ணுக்கு இன்னையிலேருந்து நீங்கதான் அண்ணன்." நான் பல்லைக் காட்டிக்கொண்டு கால் கழுவினேன். மணமேடையில் அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்து, ரொம்பச் சின்னக் குரலில் "அண்ணே" என்றாள்.

யோசித்துப் பாருங்கள். மாப்பிள்ளையின் உயிர்ச் சிநேகிதனையே பெண்ணுக்கு அண்ணனாக்கிவிட்டார்கள். அண்ணன் என்றால் யார்? புருஷன் தப்புச் செய்தால் போய்ச் சட்டையைப் பிடித்துக் கேட்கிற ஆள். ஆற்றைக் கடக்க ஒரு பரிசல், அதையும் அக்கரைக்காரனிடமே கொடுத்த கதை அது.

ஆனால் அவள் அதை விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. பொங்கலுக்கு என் வீட்டுக்கு வந்து என் மனைவியை "மதினி" என்று கூப்பிட்டு அடுப்படிக்குள் போய்விடுவாள். அவளுக்கு மகள் பிறந்து காது குத்தியபோது என் மடியில்தான் வைத்துக் குத்தினார்கள். பிள்ளை வீறிட்டு அழுததும் எனக்கே கண் கலங்கிவிட்டது. எனக்குக் கூடப்பிறந்தது எல்லாம் ஆண்கள். தங்கச்சி என்று ஒருத்தி எப்படி இருப்பாள் என்பதை நான் கற்றுக்கொண்டது அவளிடம்தான். எனக்குக் காய்ச்சல் என்று கேள்விப்பட்டால் கோம்பையிலிருந்து பஸ் ஏறி ரசம் கொண்டுவந்து கடையில் வைத்துவிட்டுப் போவாள். உத்தமபாளையத்தில் உரமும் பூச்சிமருந்தும் விற்கிற கடை என்னுடையது. அந்த மருந்து நாற்றத்தில் ரசத்தின் வாசனை ஒரு நிமிடமாவது தனியாகத் தெரியும்.

அவர்கள் மகள் மதுரையில் கல்லூரி சேர்ந்த சமயத்தில் சேக்காளி மலைமேல் ஏலக்காய்த் தோட்டம் ஒன்றைக் குத்தகைக்குப் பிடித்தான். கம்பம்மெட்டு ஏறி அந்தப் பக்கம் கேரளத்தில் இருக்கிறது. ஜீப்பில் போய் வருவான். ஆறேழு மாதத்தில் அவன் முகத்தில் ஒரு பளபளப்பு வந்தது. தலைக்கு மை போட ஆரம்பித்தான். கேட்டதும் மறைக்காமல் சொல்லிவிட்டான். ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரில் மேற்பார்வை பார்க்கிற ஒருத்தி. புருஷன் இல்லாதவள். "தப்புத்தான் மாப்ள. ஆனா விட முடியல" என்றான்.

அப்போதே நான் அவன் சட்டையைப் பிடித்திருக்க வேண்டும். பிடிக்கவில்லை. சிரித்தேன். சத்தியமாகச் சிரித்தேன். அவன் முதுகில் தட்டி, "எப்படா பெரியப்பாவுக்குத் தாடி ஒட்டணும்?" என்று கேட்டேன். இதை எழுதும்போது என்னை நானே அறைய வேண்டும்போல் இருக்கிறது.

காரணம் ஒன்று தானாகவே வந்து வாசலில் நின்றது. அவனுக்கு ஏழரைச் சனி நடக்கிறது என்று யாரோ ஜோசியர் சொல்லிவிட்டார். தங்கச்சிதான் பயந்துபோய், சனிக்கிழமைதோறும் குச்சனூர் போய் சனீஸ்வரனுக்கு எள் விளக்குப் போடுங்கள் என்று நச்சரித்தாள். நம்மூரில் சனீஸ்வரன் பெயரைச் சொல்லவே ஆட்கள் யோசிப்பார்கள். நாங்கள் இரண்டு அறிவாளிகள், அவரை வைத்தே பொய் சொல்லத் தீர்மானித்தோம். வேலியில் போன ஓணானை எடுத்து வேட்டிக்குள் விட்டுக்கொள்கிறோம் என்று எங்களுக்குத் தோன்றவே இல்லை. ஏற்பாடு எளிமையானது. சனிக்கிழமை காலையில் குச்சனூருக்கு என்று வீட்டில் சொல்லிவிட்டு அவன் மலையேறுவான். நான் கடையைப் பையனிடம் விட்டுவிட்டுக் குச்சனூர் போய், அவன் பெயருக்கு விளக்குப் போட்டுத் திருநீறும் பிரசாதமும் வாங்கி வருவேன். பொழுது சாய அவன் மலையிறங்கி வந்து என் கடையில் அந்தப் பொட்டலத்தை வாங்கிக்கொண்டு, நெற்றி நிறையப் பூசிக்கொண்டு வீட்டுக்குப் போவான். என் மனைவிகூட, இந்த மனுஷனுக்கு வயதான காலத்தில் நல்ல புத்தி வந்திருக்கிறது என்று அக்கம்பக்கத்தில் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

எங்களுக்குத் தெரியாத ஒன்றும் நடந்துகொண்டிருந்தது. தங்கச்சியும் சனிக்கிழமை விரதம் இருந்தாள். காலையில் காக்கைக்கு எள்ளுச்சோறு வைப்பாள். அது தின்றால்தான் மனசு ஆறும். பிறகு பச்சைத்தண்ணீர் தவிர எதுவும் தொட மாட்டாள். பிரசாதம் வீட்டுக்கு வந்து, அதை ஒரு விரல் வாயில் வைத்த பிறகுதான் சாப்பாடு. ஒரு வருடம் கழித்து ஏதோ பேச்சில் அவளே இதைச் சொன்னாள். படத்திலும் அந்தப் பெண் விரதம் இருந்தாளே, அதற்கு நாங்கள் தியேட்டரில் சிரித்தோமே என்று நினைத்தேன். சேக்காளியிடம் சொன்னேன். "அதுக்கு என்னய்யா செய்யிறது" என்றான். நான் செய்தது ஒன்றே ஒன்று. அடுத்த வாரத்திலிருந்து பிரசாதத்தைக் கொஞ்சம் சீக்கிரமாக வாங்கி வந்தேன். அவள் சீக்கிரம் சாப்பிடட்டுமே என்று! என் யோக்கியதை அந்த அளவுக்குத்தான் நீண்டது.

கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்கு என்பார்கள். எங்கள் புளுகு இரண்டு வருடத்தைத் தாண்டியது. கெட்டிக்காரத்தனம் எங்களுடையது அல்ல, நம்பிக்கை அவளுடையது. நம்புகிறவர்கள் தாங்கிப்பிடிக்கிறவரை பொய் விழாது.

அந்த ஒரு சனிக்கிழமை கடைக்கு லாரியில் உர லோடு வந்துவிட்டது. இறக்க ஆள் இல்லை. நான் குச்சனூர் போகவில்லை. ஒரு வாரம் போகாவிட்டால் என்ன, சனீஸ்வரன் கோபித்துக்கொள்ளவா போகிறார் என்று வீட்டுப் பூசை அலமாரியிலிருந்து திருநீற்றை எடுத்து மடித்தேன். மூலைக்கடையில் எள்ளுருண்டை வாங்கிக் கூட வைத்தேன். சாயங்காலம் சேக்காளி போன் செய்தான். மேலே மழை, மெட்டு ரோட்டில் மரம் விழுந்து கிடக்கிறது, வர நேரமாகும். "நீயே போய்க் குடுத்துரு மச்சான். சின்னமனூர்ல ஜீப்பு டயரு பஞ்சர்னு சொல்லு. பாவம், அவ சாப்பிடாம இருப்பா."

பாவம் என்று சொன்னானே, அதில் பொய் இல்லை. அவனுக்கு அவள்மேல் பிரியம் இருந்தது. இந்த விஷயத்தில் எனக்குப் பிடிபடாத இடம் இதுதான், இன்றைக்கும்.

நான் பொட்டலத்தோடு கோம்பைக்குப் போனேன். அவள் வீட்டில் டி.வி. ஓடிக்கொண்டிருந்தது. நான் உள்ளே போனதும் நிறுத்திவிட்டாள். "வாங்கண்ணே, அவுக வரலையா?" என்று கேட்டாள். டயர் பஞ்சர் கதையைச் சொன்னேன். இரண்டு கைகளையும் நீட்டிப் பொட்டலத்தை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

"கோயில்ல கூட்டமாண்ணே?"

"இருக்காதா தங்கச்சி? சனிக்கிழமையில. நல்ல கூட்டம். சாயங்காலப் பூசை முடிஞ்சு இப்பத்தான் வர்றேன்."

"நல்லாப் பாத்தீகளா?"

"கண்ணு குளிரப் பாத்தேன்."

பொட்டலத்தைப் பிரிக்காமலே அலமாரியில் வைத்தாள். பிறகு, "இருங்க, காப்பி போடுறேன்" என்றாள். குடித்தேன். கிளம்பும்போது, "நாளைக்கு மதியம் இங்கன சாப்பிட வாங்கண்ணே. நாட்டுக்கோழி அடிக்கிறேன்" என்றாள். சந்தோஷமாகத் தலையாட்டிவிட்டு வந்தேன்.

மறுநாள் போனபோது மகளும் மதுரையிலிருந்து வந்திருந்தாள். சாப்பாடு பிரமாதம். சேக்காளி இரண்டு முறை குழம்பு ஊற்றிக்கொண்டான். சாப்பிட்டு முடித்ததும் அவள் மகளிடம், "இவுக ரெண்டு பேரும் எப்பப் பாத்தாலும் ஒரு படம் சொல்லுவாகளே, அத போன்லேருந்து டி.வி.ல போட்டுட்டுப் போத்தா" என்றாள். மகள் போட்டுக் கொடுத்துவிட்டுச் சிநேகிதி வீட்டுக்குப் போய்விட்டாள். அவள் முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு வந்து எங்களுக்கு எதிரே, தரையில், சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள்.

முப்பது வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது அந்தப் படத்தை முழுதாகப் பார்த்து. தாடி ஒட்டுகிற இடத்தில் சேக்காளி சத்தமாகச் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஏனென்று தெரியாமலே ஒரு சங்கடம். அந்தப் பெண் கஞ்சிக் கிண்ணத்தை ஊதி ஊதி ஆற்றுவதை நான் அதுவரை கவனித்ததே இல்லை. நண்பன் வாயைத் திறந்து வாங்கிக்கொள்கிறான். அவள் கையால் வாயைத் துடைத்துவிடுகிறாள். அவன் நம்மைப் பார்த்துக் கண்ணடிக்கிறான். தியேட்டரில் கைதட்டு விழுந்த இடம் அது.

தோப்புக்கரணம் போட்டு, பாட்டுப் பாடி, சுபம் வந்த பிறகு, சுவரில் சாய்ந்திருந்தவள் கேட்டாள்.

"அந்தப் புருசங்காரன் காதப் பிடிச்சான், சரி. அந்தத் தாடிக்காரன் என்ன செஞ்சான்?"

சேக்காளி சொன்னான், "அவன் காமெடியன்டீ. அவன் என்ன செய்வான்?"

"அவந்தான கஞ்சி குடிச்சான். ஒவ்வொரு வாரமும் அவ கையால வாங்கிக் குடிச்சவன் அவந்தான. அவங்கிட்ட ஒரு வார்த்த கேக்காமயே அவ பாட்டுப் பாடப் போயிட்டாளே."

பிறகு என் பக்கம் திரும்பினாள். கோபமாக இல்லை. குரல்கூட உயரவில்லை. "நேத்து கிரகணம்ணே. அதுக்காகக் கோயிலையெல்லாம் மத்தியானமே நடை சாத்திட்டாக. டி.வி.ல காமிச்சுக்கிட்டே இருந்தாக. நீங்க வாறப்பவும் அதத்தான் பாத்துக்கிட்டு இருந்தேன். சாத்துன கோயில்ல நீங்க எப்பிடிண்ணே சாயங்காலப் பூச பாத்தீக?"

கிரகணம். இரண்டு பேரில் ஒருவன்கூட நாட்காட்டியைப் பார்க்கவில்லை. சனீஸ்வரனைக் காவலுக்கு வைத்துக்கொண்ட நாங்கள் ராகு கேதுவை மறந்துவிட்டோம். இந்த மாதிரி அசட்டுத்தனம் அந்தப் படத்தில்கூட இல்லை. இன்னொரு சமயமாக இருந்தால் நானே விழுந்து விழுந்து சிரித்திருப்பேன்.

சேக்காளி எழுந்து சத்தம் போட்டான், என்னையே சந்தேகப்படுகிறாயா என்று. அவள் அவனைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் ஏதாவது சொல்வேன் என்று காத்திருந்தாள் என்பது இப்போது புரிகிறது. அண்ணனுக்கு அப்போதும் ஒரு வாய்ப்பு இருந்தது. நான் சொன்னது என்ன தெரியுமா? "இல்ல தங்கச்சி, வெளிய நின்னு கோபுரத்தக் கும்பிட்டுட்டு..." அவள் எழுந்து, மூலையில் சுருட்டி வைத்திருந்த எச்சில் இலைகளை எடுத்துக்கொண்டு கொல்லைக்குப் போய்விட்டாள்.

அதன் பிறகு நடந்தது ஊரறிந்த கதை. சேக்காளி அன்றைக்கே எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டான். அவள் அப்பா வந்தார், அவன் அண்ணன் தம்பிமார் வந்தார்கள், ஒரு வாரம் பேசினார்கள். ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் பண்ணுகிற ஊரில், கல்யாணத்துக்குப் பிறகு சொன்ன பொய்க்குத் தண்டனை என்ன இருக்கப்போகிறது? வளர்ந்த மகள் இருக்கிறாள், நாளைக்கு அவளுக்கு மாப்பிள்ளை பார்க்க வேண்டாமா, ஆம்பளை ஒரு தடவை சறுக்கினால் ஏற்றிவிட வேண்டியது பொம்பளைதான் என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். மலைத் தோட்டத்தைக் கைமாற்றிவிட்டான். அவள் பழையபடி அவனுக்குச் சோறு போட்டாள். தோப்புக்கரணம்தான் பாக்கி.

ஒரு மாதம் கழித்து எனக்கு ஒரு போன் வந்தது. தமிழும் மலையாளமும் கலந்த பெண் குரல். "சேட்டா, உடம்புக்கு இப்ப எங்ஙனே உண்டு?" என்று கேட்டாள். யாரம்மா என்றேன். மலைமேல் இருந்தவள்தான். ஒவ்வொரு சனிக்கிழமையும் பொழுது சாயுமுன் மலையிறங்கச் சேக்காளி அவளிடமும் ஒரு காரணம் சொல்ல வேண்டியிருந்திருக்கிறது. சிநேகிதனுக்குச் சிறுநீரகக் கோளாறு, நான் போய்த்தான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போக வேண்டும் என்று என்னைச் சொல்லியிருக்கிறான். என் நம்பரையும் அவசரத்துக்கு என்று கொடுத்துவைத்திருக்கிறான். கொஞ்ச நாளாக ஆளே வராததால் நான் செத்துவிட்டேனோ என்று பயந்து கூப்பிட்டிருக்கிறாள். எனக்காகப் பள்ளியில், அதாவது அவர்கள் சர்ச்சில், மெழுகுவர்த்தி ஏற்றியதாகச் சொன்னாள். கீழே ஒருத்தி விரதம், மேலே ஒருத்தி மெழுகுவர்த்தி. எனக்கே தெரியாமல் நான் தாடி ஒட்டிக் கட்டிலில் படுத்திருந்திருக்கிறேன்.

அந்த ஒரு ஆளிடம்தான் நான் உண்மை சொன்னேன். "எனக்கு ஒண்ணுமில்லம்மா. எனக்கு எப்பவுமே ஒண்ணும் இல்ல. அவன் இனிமே வர மாட்டான்." "சேட்டனுக்குக் கொழப்பமில்லல்லோ, அது போதும்" என்றாள். எனக்கு ஒன்றும் இல்லையே, அதுவே போதுமாம். போனை வைத்துவிட்டாள். படங்களில் இந்த மாதிரிப் பெண்களை இடைவேளைக்குப் பிறகு எங்கே அனுப்புகிறார்கள் என்று தெரியவில்லை.

நான் மூன்று முறை கோம்பைக்குப் போனேன். இரண்டு முறை அவள் உள்ளேயே இருந்துவிட்டாள். மூன்றாவது முறை வாசலிலேயே நின்று, மன்னிச்சிரு தங்கச்சி என்றேன். அழுதேன் என்றுதான் நினைக்கிறேன். அவள் நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"அவுகள மன்னிக்கச் சொல்லி எங்கப்பா சொன்னாக, கொழுந்தன்மாரு சொன்னாக, தெருவே சொல்லுச்சு. மன்னிச்சேன். மன்னிக்காட்டி நான் எங்கன போறது? ஒங்கள மன்னிக்கச் சொல்லி ஒரு ஆளுகூடச் சொல்லல பாத்தீகளா. இந்த ஒண்ணத்தான் என் இஷ்டத்துக்கு விட்டிருக்காக. இத எங்கிட்டேயே வச்சுக்கிறேன்."

திரும்பி வந்து என் மனைவியிடம் சொன்னேன். அவள் என்னைத் தேற்றவில்லை. "சரியாத்தான சொல்லியிருக்கா" என்று சொல்லிவிட்டு அரிசியைப் புடைக்கப் போய்விட்டாள்.

ஆனால் எனக்கு ஒரு நப்பாசை இருந்தது. அண்ணன் என்பது சண்டை போட்டால் தீர்ந்துபோகிற உறவா? மகள் கல்யாணம் என்று வந்தால் தாய்மாமன் இல்லாமல் எப்படி நடத்துவார்கள்? மேடையில் பெண்ணுக்கு முதல் மாலை போடுவதும், சீர்ச்சேலை கொடுப்பதும் தாய்மாமன். காது குத்தும்போது அவளை மடியில் வைத்திருந்தவன் நான். கல்யாணம் வரட்டும், தானாகச் சரியாகும் என்று இரண்டு வருடம் இருந்தேன். போன தையில் முகூர்த்தம் குறித்தார்கள். பத்திரிகையைச் சேக்காளி மட்டும் கொண்டுவந்தான். "நீ சீரோட வந்துரு மச்சான். மண்டபத்துல வச்சு அவ என்ன சொல்லிரப் போறா? நான் பாத்துக்கிறேன்" என்றான். அவன் பார்த்துக்கொள்வான் என்று நான் இன்னொரு முறை நம்பினேன். பட்டுச் சேலை, மாலை, பழம், தேங்காய் என்று தாம்பாளம் நிறைய அடுக்கிக்கொண்டு, மனைவியோடு மண்டபத்துக்குப் போனேன்.

மைக்கில் "பொண்ணுக்குத் தாய்மாமன் மேடைக்கு வரவும்" என்றார்கள். நான் தாம்பாளத்தைத் தூக்கிக்கொண்டு எழுந்துவிட்டேன். நாலு அடி வைத்திருப்பேன். எதிர்ப்பக்கத்திலிருந்து இன்னொருவர் தாம்பாளத்தோடு மேடை ஏறிக்கொண்டிருந்தார். பொட்டிப்புரத்தில் இருக்கிற அவளுடைய சித்தப்பா மகன். வரப்புத் தகராறில் வெட்டுகிறேன் குத்துகிறேன் என்று நின்று, இருபத்தைந்து வருடத்துக்கு மேல் பேச்சு அற்றுப்போனவர். பத்திரிகை அடிப்பதற்கு முன்பே அவள் தனியாக வெற்றிலை பாக்கோடு அவர் வீட்டுப் படியேறி, அண்ணே என்று கூப்பிட்டு, வரச் சொல்லியிருக்கிறாள். பக்கத்தில் இருந்தவர்கள் பேசிக்கொண்டதைக் கேட்டுத் தெரிந்துகொண்டேன். அவர் மாலையைப் போட்டபோது பெண் குனிந்து காலைத் தொட்டாள். முகத்துக்கு நேராக அரிவாளைத் தூக்கிய அண்ணனை அவளால் அண்ணன் என்று சொல்ல முடிந்திருக்கிறது.

நாற்காலி வரிசைக்கு நடுவில் தாம்பாளத்தோடு நின்றுகொண்டிருந்தேன். முன்னால் போகவும் முடியவில்லை, உட்காரவும் முடியவில்லை. சேக்காளி மேடையில் யாரிடமோ குனிந்து பேசிக்கொண்டிருந்தான். அவள்தான் என்னைப் பார்த்துவிட்டு மேடையிலிருந்து இறங்கி வந்தாள். மயில்கழுத்து நிறப் பட்டு உடுத்தியிருந்தாள். கிட்டே வந்து என் மனைவியின் கையைப் பிடித்து, "வாங்க மதினி" என்றாள். பிறகு என்னைப் பார்த்தாள். வெறுப்பு இல்லை. கல்யாண வீட்டுக்காரி வந்தவர்களைப் பார்க்கிற பார்வை.

"வாங்க. பரிசெல்லாம் அந்த மேசையில வச்சிருக்காக, அங்கன வச்சுருங்க. பந்தி நடக்குது, இருந்து சாப்பிட்டுட்டுப் போங்க."

அண்ணே என்று அவள் சொல்லவில்லை. நான் அந்த மேசைக்குப் போனேன். ஒரு மிக்சிப் பெட்டிக்கும் சுவர்க்கடிகாரத்துக்கும் நடுவில் இடம் ஒதுக்கித் தாய்மாமன் சீரை வைத்தேன். பிறகு பந்திக்குப் போய், அவள் சொன்னபடி இருந்து சாப்பிட்டுவிட்டுத்தான் கிளம்பினேன்.